கூட்டத்தில் அடையாளம் தெரியாத கதாநாயகி

1976-இல் வெளிவந்த ‘மந்தன்’ என்ற இந்திப் படத்தின் படப்பிடிப்பு, குஜராத் மாநிலத்துக் கிராமம் ஒன்றில் நடந்தது. அப்போது நிகழ்ந்ததாகத் திரையுலகில் ஒரு செய்தியைச் சொல்வார்கள். படப்பிடிப்பை வேடிக்கை பார்க்க வந்த சிலர், கதாநாயகி எங்கே என்று கேட்டார்களாம். ஊர்ப் பெண்களோடு தரையில் உட்கார்ந்திருந்த ஒருத்தியைக் காட்டியபோது அவர்கள் நம்பவில்லையாம். உடையும் உட்கார்ந்த விதமும் அந்தப் பெண்ணை மற்றவர்களிடமிருந்து கொஞ்சமும் பிரித்துக் காட்டவில்லை. அவர்தான் ஸ்மிதா பாட்டில்.

பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் மட்டுமே நடித்து, 31 வயதில் மறைந்துபோன இந்த நடிகையைப் பற்றி உங்களுக்கு எழுத எனக்கு ஒரு காரணம் இருக்கிறது. பந்திங் வட்டாரத்தில் மாணவர்களின் மேடை நாடகங்களையும், கைப்பேசியிலேயே எடுத்து முடிக்கும் குறும்படங்களையும் பல ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். அவற்றில் தோட்டத்துப் பாட்டி அடிக்கடி வருவார். முதுகு வளைந்திருக்கும், குரல் நடுங்கும், முந்தானை கண்ணை விட்டு இறங்காது. நான் அறிந்த தோட்டத்துப் பாட்டிமார்கள் அப்படி இல்லை. விடியுமுன் பெரட்டுக்குப் போய் நின்றவர்கள். பால் வாளியைச் சுமந்து நடந்த நேரான முதுகு அவர்களுடையது. அழுகையைவிட அதட்டல்தான் அதிகம் கேட்கும். நாம் நேசிக்கும் மனிதர்களை மேடையில் ஏற்றும்போது அவர்கள் ஏன் வேறு யாரோ ஆகிவிடுகிறார்கள்? ஸ்மிதாவின் வாழ்க்கையில் இந்தக் கேள்விக்குப் பதில் இருப்பதாக நான் நினைக்கிறேன்.

செய்தி வாசித்த பெண்

ஸ்மிதா 1955 அக்டோபர் 17-ஆம் நாள் மகாராஷ்டிர மாநிலம் புனேயில் பிறந்தார். தாய்மொழி மராத்தி. தந்தை சிவாஜிராவ் பாட்டில் விடுதலைப் போராட்டத்தில் ஈடுபட்டவர், பின்னாளில் மாநில அமைச்சராகவும் இருந்தார். தாயார் வித்யா சமூகப் பணியாளர். சினிமாவுக்கும் அந்தக் குடும்பத்துக்கும் தொடர்பில்லை. ஏழை எளியவர்களின் வாழ்க்கை, பெண்களின் உரிமை என்ற பேச்சு மட்டும் வீட்டில் எப்போதும் இருந்தது.

1970-களின் தொடக்கத்தில் பம்பாயில் தூர்தர்ஷன் தொலைக்காட்சி நிலையம் தொடங்கப்பட்டது. அதில் மராத்திச் செய்தி வாசிப்பவராக ஸ்மிதா சேர்ந்தார். அக்காலத்தில் ஒளிபரப்பு கறுப்பு வெள்ளைதான். வீட்டில் ஜீன்ஸ் அணிந்து திரியும் அந்தப் பெண், நேரமாகிவிட்டால் ஜீன்ஸின் மேலேயே சேலையைச் சுற்றிக்கொண்டு செய்தி வாசிக்க உட்கார்ந்துவிடுவார் என்பது அவரைப் பற்றிப் பலரும் சொல்லும் வேடிக்கை.

செய்தி வாசிப்பவருக்குப் பாட்டும் இல்லை, ஆட்டமும் இல்லை. கேமராவைப் பார்த்து, சொல்ல வேண்டியதைச் சொல்ல வேண்டும். முகத்தைத் தேவைக்கு மேல் அசைத்தால் செய்தி கெட்டுவிடும். பெரிய திரையில் அவருக்கு இருந்த அமைதிக்கு இந்த வேலையும் ஒரு பயிற்சியாக அமைந்திருக்கும் என்பது என் கருத்து. அந்தத் தொலைக்காட்சி முகத்தைக் கண்டுதான் இயக்குநர் ஷியாம் பெனகல் அவரைப் படத்துக்கு அழைத்தார். 1975-இல் குழந்தைகளுக்கான ‘சரண்தாஸ் சோர்’ படத்தில் ஸ்மிதா நடித்தார். ஹபீப் தன்வீரின் நாடகக் குழுவைச் சேர்ந்த சத்தீஸ்கர் நாட்டுப்புறக் கலைஞர்கள் அதில் உடன் நடித்தார்கள். அதே ஆண்டில் ‘நிஷாந்த்’ வந்தது.

இரண்டு ரூபாய்த் தயாரிப்பாளர்கள்

சுயாதீனத் திரைப்படம் என்ற சொல்லை நீங்கள் கேட்டிருப்பீர்கள். பெரிய நிறுவனங்களின் பணத்தையும், அவர்கள் கேட்கும் பாட்டையும் சண்டையையும் நம்பியிராமல், சொல்ல வேண்டிய கதையைச் சொந்த வழியில் எடுப்பதுதான் அது. 1970-களில் இந்தியாவில் இப்படிப்பட்ட படங்கள் ஓர் இயக்கமாகவே வளர்ந்தன. ‘மந்தன்’ அவற்றில் ஒன்று. குஜராத் பால் உற்பத்தியாளர் கூட்டுறவு இயக்கத்தைப் பற்றிய இந்தப் படத்துக்குப் பணம் போட்டவர்கள் யார் தெரியுமா? அந்த இயக்கத்தைச் சேர்ந்த 5 இலட்சம் விவசாயிகள். ஆளுக்கு 2 ரூபாய் கொடுத்தார்கள். மொத்தம் 10 இலட்சம் ரூபாய். படம் வெளியானதும் அதைப் பார்க்கவும் அவர்களே திரண்டு வந்தார்கள். 48 ஆண்டுகள் கழித்து, 2024-இல், புதுப்பிக்கப்பட்ட அதே படம் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது.

படத்தில் ஸ்மிதாவின் பெயர் பிந்து. எருமை வளர்த்துப் பால் விற்கும் ஏழைப் பெண். வெளியூரிலிருந்து வந்து கூட்டுறவு பற்றிப் பேசும் மருத்துவரை அவள் முதலில் சந்தேகிக்கிறாள், பிறகு மெல்ல நம்புகிறாள். இந்த மாற்றத்தை நீண்ட வசனம் நமக்குச் சொல்வதில்லை. அவள் நிற்கும் தூரமும், பார்வை தங்கும் நேரமும் சொல்கின்றன. எண்ணிப் பாருங்கள்: படத்தின் தயாரிப்பாளர்களே பால் கறப்பவர்கள். கறக்கும் கை பொய்யாக இருந்தால் முதலில் கண்டுபிடிக்கக்கூடியவர்களும் அவர்களே. அந்தப் பார்வையாளர்களுக்கு முன்னால் 20 வயதைத் தாண்டிய ஒரு நகரத்துப் பெண் கிராமத்துப் பெண்ணாக நிற்க வேண்டியிருந்தது.

இரண்டு வகை நடிப்பு, ஒரே படத்தில்

நம் தமிழ்ச் சினிமா, நாடக சபாக்களின் மடியில் வளர்ந்தது. ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்காரருக்கும் கேட்க வேண்டுமானால் குரலை உயர்த்தத்தான் வேண்டும். முகபாவத்தைப் பெரிதாக்கத்தான் வேண்டும். அது ஒரு தனிக் கலை. அந்த மேடையிலிருந்து வந்த சிவாஜி கணேசனின் வசன உச்சரிப்பு தமிழ் மாணவர்களுக்கு இன்றும் பாடம். ஆனால் கேமரா முகத்துக்கு ஓர் அடி தூரத்தில் வரும்போது கணக்கு மாறிவிடுகிறது. இமை அசைவதுகூடத் திரையில் பத்தடி உயரத்துக்குத் தெரியும். இயல்பு நடிப்பு பிறந்த இடம் அதுதான்.

இரண்டும் ஒரே நடிகையிடம் இருந்தால் எப்படியிருக்கும் என்று பார்க்க, 1977-இல் வந்த ‘பூமிகா’வைப் பாருங்கள். மராத்தி நடிகை ஹன்சா வாட்கரின் தன்வரலாற்றைத் தழுவிய கதை. ஸ்மிதா உஷா என்ற நடிகையாக வருகிறார். உஷா நடிக்கும் பழங்காலப் படக் காட்சிகளில் அக்காலத்து மிகை நடிப்பும் ஆட்டமும் அப்படியே இருக்கும். ஒப்பனையைக் கலைத்துவிட்டு வீட்டுக்கு வந்தால் அதே முகம் ஓய்ந்துபோய், கணவனிடம் சண்டை போட்டு, மகளைப் பார்த்து இளகும். இளம்பெண் முதல் நடுவயது வரை ஒரு பெண்ணின் வாழ்க்கையை நடித்தபோது ஸ்மிதாவுக்கு 22 வயதுகூட நிரம்பியிருக்குமா என்பது சந்தேகம். அந்தப் படத்துக்காக இந்தியாவின் சிறந்த நடிகைக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது.

ஆகவே, இயல்பு நடிப்பு என்பது நடிக்கத் தெரியாமல் சும்மா நிற்பது அன்று. பெரிதாக நடிக்கவும் தெரிந்தவர், எங்கே அடக்க வேண்டும் என்று தெரிந்து அடக்குவது அது.

வறுமையை நடிப்பதில் உள்ள பொறுப்பு

1980-களின் தொடக்கத்தில் வந்த மூன்று படங்களை மாணவர்கள் சேர்த்துப் பார்க்க வேண்டும். முதலாவது ‘சக்ரா’. பம்பாய்க் குடிசைப் பகுதியில் மகனோடு பிழைக்கும் தாயாக ஸ்மிதா நடித்தார். அதற்காக அவர் குடிசைப் பகுதிகளுக்கே சென்று அங்குள்ள பெண்களைக் கவனித்தார். இரண்டாவது தேசிய விருதை இந்தப் படம் பெற்றுத் தந்தது.

அடுத்தது, சத்யஜித் ராய் தொலைக்காட்சிக்காக எடுத்த ‘சத்கதி’. பிரேம்சந்தின் சிறுகதை இது. பட்டினியோடும் காய்ச்சலின் சோர்வோடும் விறகு பிளக்க வைக்கப்பட்டுச் செத்துப்போகும் தாழ்த்தப்பட்ட தொழிலாளியின் மனைவி ஜூரியாவாக ஸ்மிதா வருகிறார். படத்தில் அவருக்குப் பேச்சு மிகக் குறைவு. கணவன் இறந்தபின், கொட்டும் மழையில் அவள் அழும் அழுகை மட்டும் படம் முடிந்த பிறகும் நம்மை விடுவதில்லை. அதுவரை அடக்கி வைத்திருந்ததால்தான் அந்த ஒரே அழுகைக்கு அவ்வளவு கனம். தொடக்கத்திலிருந்தே அழுதுகொண்டிருந்தால் அந்த இடத்தில் நமக்கு எதுவும் மிஞ்சியிருக்காது.

மூன்றாவது, மிருணாள் சென் இயக்கிய ‘அகாலேர் சந்தானே’ என்ற வங்காளிப் படம். பஞ்சத்தைத் தேடி என்று பொருள். 1943-இல் வங்காளத்தில் இலட்சக்கணக்கானோரைப் பலிகொண்ட பஞ்சத்தைப் படமாக்க, 1980-இல் ஒரு சினிமாக் குழு கிராமத்துக்கு வருகிறது. குழுவுக்குச் சமைக்கப் பொருள்களை வாங்கிக் குவிப்பதால் ஊரில் பற்றாக்குறையும் விலையேற்றமும் வருகின்றன. பஞ்சத்தைப் படம்பிடிக்க வந்தவர்களே பஞ்சத்தைக் கொண்டு வந்தது போலாகிவிடுகிறது. இதில் ஸ்மிதா, ஸ்மிதா என்ற பெயருள்ள நடிகையாகவே வருகிறார். ஏழையின் துயரத்தை நடித்துப் புகழ் பெறுகிறவர் அந்த ஏழைக்கு என்ன கடன்பட்டிருக்கிறார் என்ற கேள்வி படம் முழுவதும் ஓடுகிறது. குறும்படத்துக்காக யாருடைய வீட்டு வறுமையையாவது படம்பிடிக்கப் புறப்படும் ஒவ்வொரு மாணவரும் இந்தப் படத்தைப் பார்த்துவிட்டுப் போவது நல்லது.

சந்தையின் அழைப்பு

கலைப்படம் புகழைக் கொடுத்தது, பணத்தைக் கொடுக்கவில்லை. சில ஆண்டுகள் ஸ்மிதா பெரிய வணிகப் படங்களை மறுத்து வந்தார். பிறகு ஒன்றைக் கவனித்தார். சிறிய படம் எடுப்பவர்களும் விற்பனைக்காகச் சந்தையில் பெயரெடுத்த நடிகைகளைத் தேடத் தொடங்கியிருந்தார்கள். தாம் நேசிக்கும் படங்களில் நிலைத்திருக்கவே தமக்குச் சந்தையிலும் ஒரு பெயர் வேண்டும் என்று முடிவெடுத்தார். 1982-இல் அமிதாப் பச்சனோடு ‘சக்தி’, ‘நமக் ஹலால்’ ஆகிய படங்களில் நடித்தார். இரண்டாவது படத்தில் வரும் மழைப் பாட்டுக் காட்சியில் நடித்தது அவருக்கு மிகுந்த மனச்சங்கடத்தைத் தந்தது என்பது பலரும் அறிந்த செய்தி. ஆனால் அவரை வீதிதோறும் தெரிந்த முகமாக்கியதும் அதே பாட்டுதான்.

இதைச் சரி என்றோ தவறு என்றோ தீர்ப்புச் சொல்ல நான் முன்வரவில்லை. வணிகப் படங்களில் நடித்த அதே ஆண்டில் அவர் செய்த இன்னொன்றைச் சொல்கிறேன். ஜப்பார் பட்டேல் இயக்கிய ‘உம்பர்தா’ என்ற மராத்திப் படம். படித்த மருமகள் ஒருத்தி, வசதியான வீட்டின் வாசற்படியைத் தாண்டி, பெண்கள் காப்பகம் ஒன்றின் கண்காணிப்பாளராகப் பொறுப்பேற்கிறாள். அங்கு நடக்கும் ஊழலோடு மோதித் தோற்று வீடு திரும்பினால், வீட்டிலும் அவளுக்கு இடம் இல்லை. மறுபடியும் புறப்பட்டுவிடுகிறாள். தோற்றவளாக இல்லாமல், இனி என்ன செய்வது என்று யோசிப்பவளாக ஸ்மிதா அவளைக் காட்டினார். பல்கலைக்கழகம் முடித்து வேலைக்குப் போகவிருக்கும் மாணவியருக்கு இந்தப் படம் இன்றும் பழையதாகத் தோன்றாது.

தமிழ்ச்சியாக வந்த ஸ்மிதா

நமக்கு மிக நெருக்கமானது, 1985-இல் ஜி. அரவிந்தன் இயக்கிய ‘சிதம்பரம்’. மொழி மலையாளம், ஆனால் கதையின் உயிர் ஒரு தமிழ்க் குடும்பம். மூணாறு பக்கத்து மாட்டுப்பட்டி மலையில் உள்ள கால்நடைப் பண்ணையில் முனியாண்டி என்ற தமிழ்த் தொழிலாளி வேலை செய்கிறான். ஊருக்குப் போய்த் திருமணம் செய்துகொண்டு, மனைவி சிவகாமியை மலைக்கு அழைத்து வருகிறான். சிவகாமியாக ஸ்மிதா, முனியாண்டியாக ஸ்ரீநிவாசன், பண்ணை அதிகாரி சங்கரனாக பரத் கோபி.

வறண்ட ஊரிலிருந்து வந்த பெண், பச்சை மலையையும் பூக்களையும் முதன்முதலாகப் பார்க்கும் காட்சிகளைக் கவனியுங்கள். பயமும் வியப்பும் ஒரே நேரத்தில் அந்த முகத்தில் இருக்கும். புது இடத்தில் கையை எங்கே வைப்பது என்று தெரியாத கூச்சம் இருக்கும். கணவன் கையைப் பிடித்து, தெரியாத நாட்டின் தோட்டத்தில் வந்திறங்கிய நம் கொள்ளுப்பாட்டிமார்களின் முதல் நாளை நான் ஒரு திரைப்படத்தில் பார்த்தேன் என்றால் அது இங்கேதான். மராத்திப் பெண் ஒருவர் மலையாளப் படத்தில் தமிழ்ச்சியாக வந்து, கேரி தீவிலும் பந்திங்கிலும் வேர்விட்ட குடும்பங்களின் கதையை நமக்கு நினைவூட்டிவிடுகிறார்.

பிறகு சங்கரனுக்கும் சிவகாமிக்கும் ஏற்படும் உறவு ஒரு குடும்பத்தையே அழிக்கிறது. முனியாண்டி உயிரை மாய்த்துக்கொள்கிறான். குற்றவுணர்வோடு அலையும் சங்கரன் கடைசியில் சிதம்பரம் கோயிலுக்கு வருகிறான். அங்கே செருப்புகளைக் காத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பெண்ணை நிமிர்ந்து பார்க்கிறான். அவள் சிவகாமி. மலையில் பூவைப் பார்த்து வியந்த கண்களா இவை என்று நாம் திகைக்கும்படி ஸ்மிதா அந்த இடத்தில் உட்கார்ந்திருப்பார். சிறந்த திரைப்படத்துக்கான இந்திய தேசிய விருதைப் பெற்ற படம் இது. அதே 1985-இல் ஸ்மிதாவுக்குப் பத்மஸ்ரீ விருதும் வழங்கப்பட்டது.

மிளகாய்த் தூளும் மூடிய கதவும்

அவருடைய கடைசிப் பெரும் பாத்திரம் ‘மிர்ச் மசாலா’வின் சோன்பாய். விடுதலைக்கு முந்திய காலக் குஜராத் கிராமம். வரி வசூலிக்கும் சுபேதாரின் இச்சைக்கு இணங்க மறுத்து, அவன் கன்னத்தில் அறைந்துவிட்டு, பெண்கள் வேலை செய்யும் மிளகாய்த் தூள் ஆலைக்குள் ஓடி ஒளிகிறாள் சோன்பாய். வயதான காவலாளி கதவைத் தாழிடுகிறார். ஊர்ப் பெரியவர்கள் அவளை ஒப்படைக்கச் சொல்கிறார்கள். உடன் வேலை செய்யும் பெண்களில் சிலரும் அதையே சொல்கிறார்கள். இறுதியில் கதவு உடைக்கப்படும்போது, அந்தப் பெண்களே மிளகாய்த் தூளை வாரி சுபேதாரின் கண்ணில் வீசுகிறார்கள்.

1987-இல் இந்தப் படம் திரைக்கு வந்தபோது ஸ்மிதா உயிரோடு இல்லை. 1986 நவம்பர் 28-ஆம் நாள் அவருக்கு ஆண் குழந்தை பிறந்தது. பிரசவத்துக்குப் பின் ஏற்பட்ட சிக்கல்களால் டிசம்பர் 13-ஆம் நாள் அவர் காலமானார். அரசியல் குடும்பத்துப் பிள்ளை, நாடே அறிந்த நடிகை, பெருநகரில் மருத்துவ வசதியோடு வாழ்ந்தவர். அப்படிப்பட்டவரையும் குழந்தைப் பேறு பலிகொண்டது. ஏறத்தாழ 80 படங்களை விட்டுச் சென்றார். அந்தக் குழந்தை பிரதீக் இப்போது ஒரு நடிகர்.

நம் பாட்டியை எப்படி நடிப்பது?

இனி அந்தத் தோட்டத்துப் பாட்டிக்கு வருவோம். அடுத்த முறை உங்கள் குழுவில் யாராவது அந்த வேடம் ஏற்றால், ஸ்மிதாவின் படங்களிலிருந்து நான் எடுத்துக்கொண்ட மூன்றை முயன்று பாருங்கள்.

முதலில், வேலையைக் கற்றுக்கொள்ளுங்கள். பால் வெட்டும் கத்தியை எப்படிப் பிடிப்பது, மங்கில் உறைந்த ஒட்டுப்பாலை எந்த விரலால் உருவுவது, வெட்டுக் காட்டில் எத்தனை மரத்துக்கு ஒருமுறை நிமிர்ந்து மூச்சு விடுவது என்று, செய்தவர்களிடமே கேளுங்கள். பால்மரம் வெட்டிய தலைமுறையினர் நம்மிடையே குறைந்துகொண்டே வருகிறார்கள். செம்பனை வந்த பிறகு பிறந்தவர்களுக்கு இது தெரியாது. கை சரியாக இருந்தால் முகம் தானாக வரும்.

இரண்டாவது, எதிரில் இருப்பவர் பேசும்போது கேளுங்கள். நம் மாணவர் நாடகங்களில் ஒருவர் வசனம் சொல்ல, மற்றவர் தம் முறைக்காகக் காத்திருக்கிறார். ஸ்மிதாவின் சிறந்த காட்சிகள் பலவற்றில் அவர் பேசவே மாட்டார். கேட்டுக்கொண்டிருப்பார்.

மூன்றாவது, பாட்டிக்காக இரக்கம் கேட்காதீர்கள். பிந்துவும் ஜூரியாவும் சோன்பாயும் ஏழைகள். ஆனால் எங்களைப் பார்த்துப் பரிதாபப்படுங்கள் என்று அவர்கள் நம்மிடம் கையேந்துவதே இல்லை. நம் பாட்டிமார்களும் கேட்டதில்லை.

இந்த வழியில் போவதற்கு நம் நாட்டிலேயே முன்னோடிகள் இருக்கிறார்கள். தோட்ட வாழ்க்கையைச் சொன்ன ‘செம்மண் சாலை’ 2005-இல் வந்தது. 2015-இல் வந்த ‘ஜகாட்’, அடுத்த ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகத் தேர்வு பெற்றது. இரண்டும் குறைந்த செலவில் எடுக்கப்பட்ட மலேசியத் தமிழ்ப் படங்கள்.

வரும் பள்ளி விடுமுறையில் ‘மந்தன்’, ‘சிதம்பரம்’, ‘மிர்ச் மசாலா’ மூன்றையும் இந்த வரிசையிலேயே பாருங்கள். பார்க்கும்போது வீட்டுப் பெரியவர்களையும் பக்கத்தில் உட்கார வையுங்கள். சிவகாமி மலைக்கு வந்து இறங்கும் இடத்தில் படத்தைச் சற்று நிறுத்திவிட்டு, நம் குடும்பத்தில் முதலில் தோட்டத்துக்கு வந்த பெண் யார், அவர் பெயர் என்ன என்று கேளுங்கள். உங்கள் அடுத்த குறும்படத்தின் கதாநாயகி அவராக இருக்கலாம்.